அப்பாவும் மாமாவும் செங்காட்டூர் தொகுதியும்

அப்பா மறைந்து ஓராண்டு நிறைவடையும் நாளில், எங்கள் அழைப்பை மதித்து வந்து இந்த மலரைக் கையில் வாங்கியிருக்கும் உறவினர்களுக்கும் நண்பர்களுக்கும் வணக்கம். அட்டைப் படத்தைப் பார்த்துவிட்டு, வேறு நல்ல படம் கிடைக்கவில்லையா என்று கேட்கப்போகிறவர்களுக்கு முன்கூட்டியே பதில் சொல்லிவிடுகிறேன். கிடைக்கவில்லை. அது வாக்காளர் அடையாள அட்டையில் இருந்த படத்தைப் பெரிதாக்கியது. அப்பா தனியாக எடுத்துக்கொண்ட படம் அது ஒன்றுதான். மற்ற எல்லாப் படங்களிலும் நடுவில் யாராவது ஒரு வேட்பாளர் மாலையோடு சிரித்துக்கொண்டு நிற்பார். அப்பா ஓரத்தில் பாதித் தோளோடு நிற்பார்.

பிறந்த ஊர், பட்ட பாடு, செய்த நன்மை, கடைசி நாட்கள் என்று வரிசையாக எழுதுவது இத்தகைய மலர்களின் வழக்கம். நானும் அப்படித்தான் எழுத உட்கார்ந்தேன். ஆனால் அப்பாவைப் பற்றி எதை எழுதத் தொடங்கினாலும் அது செங்காட்டூர் சட்டமன்றத் தொகுதியில் போய் நிற்கிறது. இன்று அப்படியொரு தொகுதி கிடையாது. இங்கே வந்திருக்கும் இளையவர்கள் அந்தப் பெயரைக் கேள்விப்பட்டிருக்கவும் மாட்டார்கள். திருப்பூரில் கண் டாக்டர் எந்த ஊர் என்று கேட்டபோதுகூட அப்பா, "செங்காட்டூர் தொகுதிங்க" என்றுதான் சொன்னார். டாக்டர் என்னைப் பார்த்தார். நான் மூலனூர்ப் பக்கம் என்று திருத்திச் சொன்னேன். திருத்தியது அப்பாவுக்குப் பிடிக்கவில்லை.

அப்பா பிறந்தது மூலனூருக்குப் பக்கத்தில் செம்மண் காட்டு ஊர் ஒன்றில். தார் ரோடு ஒன்று ஊரை இரண்டாகப் பிரித்துக்கொண்டு போகும். தென்புறம் அப்பா வீடு, வடபுறம் அம்மா வீடு. பெண் எடுத்ததும் கொடுத்ததும் ரோட்டுக்குக் குறுக்கேதான். அம்மா கல்யாணத்தன்று புகுந்த வீட்டுக்கு நடந்தே வந்துவிட்டாராம். இளம் வயதிலேயே தகப்பனாரை இழந்ததால் அப்பாவின் படிப்பு பாதியில் நின்றது. கிணறு வற்றிய வருடங்களில் கூலிக்குப் போனார். தண்ணீர் இருந்த வருடங்களில் முருங்கை வைத்து, மூட்டை கட்டி மூலனூர் சந்தைக்குக் கொண்டுபோனார். யாரிடமும் கடுமையாகப் பேசாதவர். கோபம் வந்தால் துண்டை உதறித் தோளில் போட்டுக்கொண்டு காட்டுக்குப் போய்விடுவார். எங்கள் வீட்டில் சண்டை என்பது அந்தத் துண்டு உதறும் சத்தம்தான்.

அவருக்கு இருந்த ஒரே பைத்தியம் கட்சி. எந்தக் கட்சி என்று எழுதப்போவதில்லை. பந்தியில் இரண்டு கட்சிக்காரர்களும் உட்கார்ந்திருக்கிறீர்கள், சாப்பாடு நல்லபடியாக நடக்க வேண்டும்.

செங்காட்டூர் தொகுதி என்றால் பெரிய ஊர் ஒன்றுகூட இல்லாத தொகுதி. கிழக்கே ஆற்றங்கரை வரைக்கும் நீளும், மேற்கே வாய்க்கால் மேட்டோடு முடியும். நடுவில் மானாவாரிக் காடும், தறிக்குடோன்களும், வாரச் சந்தைகளும். டீ குடித்துக்கொண்டே மேஜையில் சிந்திய தண்ணீரை விரலால் இழுத்து அப்பா அதன் எல்லையை வரைந்து காட்டுவார். முதல் எம்எல்ஏ மாட்டு வண்டியில் ஓட்டுக் கேட்க வந்தவராம். அவருக்கு அடுத்தவர் வக்கீல். வீட்டுக்குள் வந்து தண்ணீர் கேட்டுக் குடித்தவர் என்பதாலேயே எங்கள் ஊர் அவருக்குத் திரும்பத் திரும்ப ஓட்டுப் போட்டது. பிறகு வந்த ஒருவர் ஜெயித்ததோடு சரி, தொகுதிப் பக்கம் தலை காட்டவே இல்லை. இன்னொருவர் எங்கள் ஊருக்கு டவுன் பஸ் கொண்டுவந்தார். அதற்கு மனு எழுதிக்கொண்டு அலைந்தவர்களில் அப்பாவும் ஒருவர். பஸ் வந்த அன்று எல்லோரும் முன்னால் நின்று படம் எடுத்துக்கொண்டார்கள். அப்பா அதிலும் பாதித் தோள்தான்.

கட்சியிடமிருந்து அவர் கேட்டு வாங்கியது ஒன்றே ஒன்று, எங்கள் பூத்தில் ஏஜெண்டாக உட்காரும் உரிமை. தெரியாதவர்களுக்காகச் சொல்கிறேன். ஓட்டுச் சாவடிக்குள் ஒவ்வொரு கட்சிக்கும் ஓர் ஆள் உட்கார்ந்திருப்பார். அதிகாரி பெயரை உரக்கப் படிப்பார். வந்திருப்பவர் அந்த ஆள்தானா என்று ஏஜெண்டுகள் பார்க்க வேண்டும். ஆள் சரியென்றால் ஆட்சேபணை இல்லை என்று சொல்ல வேண்டும். அவ்வளவுதான் வேலை. ஆனால் அதற்கு ஊரில் உள்ள எல்லோருடைய முகமும் தெரிந்திருக்க வேண்டும். போன தேர்தலுக்குப் பிறகு யார் எந்த ஊரிலிருந்து மருமகளாக வந்தார், யார் வேலைக்கு வெளியூர் போனார், யார் செத்துப் போனார் என்பதெல்லாம் தெரிந்திருக்க வேண்டும். அப்பாவுக்குத் தெரியும்.

எதிர்க்கட்சிக்கு ஏஜெண்டாக உட்கார்ந்தவர் என் மாமா, அம்மாவின் அண்ணன். ரோட்டுக்கு இரண்டு புறமும் சேர்த்து அந்தக் காலத்தில் ஒரே பூத்து, தொடக்கப்பள்ளியில். பிள்ளைகள் உட்காரும் குட்டைப் பெஞ்சு ஒன்றைச் சுவரோரம் இழுத்துப் போட்டு அதில் இருவரும் உட்காருவார்கள். சுவர்ப் பக்கம் அப்பா, கதவுப் பக்கம் மாமா. காலையில் இருவரும் சேர்ந்து பெட்டி காலியாக இருக்கிறதா என்று பார்த்துக் கையெழுத்துப் போடுவார்கள். சாயங்காலம் சீல் வைத்ததும் மறுபடியும் போடுவார்கள். இடைப்பட்ட நேரமெல்லாம் கேலியும் கிண்டலும்தான். உங்கள் கட்சிக்கு இந்த ஓட்டு விழாது, அந்த ஓட்டு விழாது என்று கிசுகிசுத்துக்கொண்டே இருப்பார்களாம். மத்தியானம் அம்மா ஒரு தூக்குக் கேரியரில் அரிசிம்பருப்புச் சோறு கொடுத்தனுப்புவார். இரண்டு பேருக்கும் சேர்த்து ஒரே கேரியர். வீட்டுக்காரருக்கும் அண்ணனுக்கும் தனித்தனியாகக் கொடுத்தால் கட்சி ஆகிவிடும் என்பார்.

மாப்பிள்ளைக்கும் மச்சானுக்கும் இடையே விரிசல் விழுந்தது என் கல்யாணத்தில். நான் பெரியவர்கள் மீது குற்றம் சொல்ல இதை எழுதவில்லை. நடந்தது எல்லோருக்கும் தெரியும், ஆளுக்கொரு விதமாகத் தெரியும். அதனால் ஒருமுறை ஒழுங்காக எழுதிவிடுகிறேன்.

கல்யாணம் தேர்தல் சமயத்தில் வந்தது. அப்பா இரவும் பகலும் பிரச்சாரத்தில் இருந்தார். தாய்மாமனை வெற்றிலை பாக்கோடு வீடு தேடிப் போய் அழைக்க வேண்டும். அதுதான் முறை, அதற்குப் பிறகுதான் மற்ற அழைப்பெல்லாம். இன்று போகிறேன், நாளை போகிறேன் என்று தள்ளிக்கொண்டே வந்த அப்பா, ஒரு நாள் வடபுறம் ஓட்டுக் கேட்கப் போகிறவர்கள் கையில் பத்திரிகையைக் கொடுத்து, மாமா வீட்டில் தந்துவிடச் சொல்லிவிட்டார். ரோட்டுக்கு அந்தப் பக்கம்தானே, அப்புறம் ஒரு எட்டு நேரில் போய்ச் சொல்லிக்கொள்ளலாம் என்று நினைத்திருக்கிறார். அவர்கள் போனது கொடி கட்டிய ஜீப்பில். மைக் செட்டை நிறுத்தாமலே மாமா வீட்டு வாசலில் ஜீப்பை நிறுத்தி, பத்திரிகையை நீட்டி, அப்படியே ஓட்டும் கேட்டிருக்கிறார்கள்.

மாமா பத்திரிகையை வாங்கிக்கொண்டார். பிறகு அத்தையிடம், "எந் தங்கச்சி மக கல்யாணத்துக்குக் கொடி கட்டுன ஜீப்பு வந்து கூப்புடுதாக்கும்" என்றாராம். அதோடு சரி. சீர்ச் சேலை அத்தை கையில் வந்தது. மணவறையில் தாய்மாமன் நிற்க வேண்டிய இடத்தில் தூரத்து மாமா ஒருவர் நின்றார். எனக்கு அன்று அழுகையைவிடக் கோபம்தான் வந்தது. இருவர் மீதும்.

அடுத்த நாளே அப்பா ரோட்டைத் தாண்டிப் போயிருக்கலாம். போகவில்லை. கல்யாணத்துக்கு வராதவர் வீட்டுக்கு நான் எப்படிப் போவது என்று அவருக்கு ஒரு நியாயம். முறைப்படி கூப்பிடாதவர் வீட்டில் நான் எப்படி நிற்பது என்று மாமாவுக்கு ஒரு நியாயம். இரண்டு நியாயத்துக்கும் நடுவில் ரோட்டில் லாரி போய்க்கொண்டிருந்தது.

ஆனாலும் தேர்தல் வந்தால் இருவரும் அதே பெஞ்சில் உட்கார்ந்துதான் ஆக வேண்டும். உட்கார்ந்தார்கள். பேசவில்லை. பேச வேண்டியதை அதிகாரியிடம் பேசினார்கள். "அந்தம்மா பழைய தபால்காரர் மருமகதானுங்க" என்று அப்பா அதிகாரியைப் பார்த்துச் சொல்வார். "தெரியுமுங்க, எங்களுக்கும் கண்ணு இருக்குதுங்க" என்று மாமாவும் அதிகாரியைப் பார்த்தே சொல்வார். வெளியூரிலிருந்து பணிக்கு வந்த அதிகாரிகள் நடுவில் மாட்டிக்கொண்டு விழிப்பார்களாம். மத்தியானம் அம்மாவின் கேரியர் வரும். அம்மா விடாப்பிடியாக ஒரே கேரியர்தான் அனுப்புவார். குழம்பு ஒரு அடுக்கில், சோறு ஒரு அடுக்கில். ஒருவர் எடுத்து வைத்துவிட்டு மற்றவர் பக்கம் தள்ள வேண்டும். தள்ளுவார்கள். அந்தத் தள்ளுதலைத்தான் அம்மா நம்பிக்கொண்டிருந்தார். என்றைக்காவது ஒரு தேர்தலில் குழம்போடு ஒரு வார்த்தையும் வந்துவிடும் என்று என்னிடம் சொல்வார்.

அதைப் பார்க்க அம்மாவுக்குக் கொடுத்து வைக்கவில்லை. அம்மா காலமானபோது மாமா வந்தார். தங்கைக்குக் கோடிச் சேலை போர்த்தினார், தலைமாட்டில் நின்றார், காடு வரைக்கும் நடந்தார். அப்பாவுக்கு எதிரில் வந்தபோது கையெடுத்துக் கும்பிட்டார். அப்பாவும் கும்பிட்டார். வார்த்தை வரவில்லை. எல்லோரும் கலைந்த பிறகு, மாமாவிடம் நீங்களாவது ஒரு வார்த்தை பேசியிருக்கக் கூடாதா என்று அப்பாவிடம் கேட்டேன்.

"எழவு ஊட்ல என்னத்தப் பேசறது, கண்ணு? எலெக்சன் வந்தா ஒரே பெஞ்சுதான. அப்பப் பேசிக்கறேன்" என்றார்.

அப்பா சொன்னதைச் செய்கிறவர். பேசியிருப்பார் என்றே இன்றும் நம்புகிறேன். என்ன பேச வேண்டும் என்றுகூட அவர் யோசித்து வைத்திருந்தார். ஆனால் அடுத்த தேர்தல் வருவதற்கு முன்னால் செங்காட்டூர் தொகுதி இல்லாமல் போய்விட்டது.

தொகுதி மறுசீரமைப்பு என்று பேப்பரில் வந்தது. டீக்கடையில் யாரோ படித்துச் சொன்னபோது ஒருவரும் நம்பவில்லையாம். தொகுதியை எப்படி எடுக்க முடியும், சுருட்டிச் சென்னைக்குக் கொண்டுபோய்விட்டார்களா என்று சிரித்திருக்கிறார்கள். அப்பாவும் சிரித்துவிட்டுத்தான் வீட்டுக்கு வந்தார். பிறகுதான் எந்த ஊர் எந்தத் தொகுதிக்குப் போகிறது என்ற விவரம் வந்தது. செங்காட்டூரைத் துண்டு போட்டுச் சுற்றியிருந்த தொகுதிகளுக்குப் பிரித்துக் கொடுத்திருந்தார்கள். எங்கள் ஊரில் ரோடுதான் இரண்டு வருவாய்க் கிராமங்களுக்கு எல்லை. தென்புறம் ஒரு தொகுதிக்குப் போயிற்று, வடபுறம் இன்னொன்றுக்கு. வடபுறத்துக்குப் பால் சொசைட்டிக் கட்டிடத்தில் புதுப் பூத்து வந்தது. ஒரு தொகுதியில் ஓட்டு உள்ளவர் இன்னொரு தொகுதியில் ஏஜெண்டாக உட்கார முடியாது. அதுதான் சட்டம்.

அன்று அப்பா எனக்குப் போன் செய்தார். வழக்கமாக நான்தான் செய்வேன். நலம் விசாரித்தார், பேரனைப் பற்றிக் கேட்டார், எனக்குப் பனியன் கம்பெனியில் ஓவர்டைம் இருக்கிறதா என்று கேட்டார். வைக்கப்போகும்போது, "பெஞ்சு போயிருச்சு, சாமி" என்றார். எனக்கு உடனே புரியவில்லை. புரிந்தபோது போனை வைத்துவிட்டிருந்தார்.

யாராவது ஒருவர் ரோட்டைத் தாண்டியிருக்கலாமே என்று நீங்கள் கேட்கலாம். நானும் கேட்டிருக்கிறேன், சத்தம் போட்டே கேட்டிருக்கிறேன். பெஞ்சு என்றால் யாரும் யாரைத் தேடியும் போனதாக ஆகாது. வேலைக்கு வந்தோம், பக்கத்தில் உட்கார்ந்தோம், பேச்சு வந்தது என்று ஆகிவிடும். அந்த வசதி போனதும் மறுபடியும் யார் முதலில் என்ற கேள்வி வந்துவிட்டது. ஊரில் இருவருக்கும் எந்த மரியாதைக் குறைவும் வராமல் சந்தித்துக்கொள்ள அரசாங்கம் போட்டுக் கொடுத்திருந்த ஒரே இடம் அது. எடுத்துப் போட்டவர்களுக்கு இது தெரிந்திருக்க நியாயமில்லை.

புதுத் தொகுதியின் முதல் தேர்தலில் அப்பா தன் பள்ளிக்கூடத்து பூத்தில் உட்கார்ந்தார். பக்கத்தில் எதிர்க்கட்சிக்காக ஓர் இளைஞர். நல்லவர்தான், ஆனால் ஊருக்குப் புதியவர். யார் வந்தாலும் அப்பாவைப் பார்த்து, நீங்கள் சொன்னால் சரிங்க என்று தலையாட்டியிருக்கிறார். எதிர்க்க ஆளில்லாத ஏஜெண்ட் வேலை அப்பாவுக்கு ருசிக்கவில்லை. மத்தியானம் கட்சி கொடுத்த பிரியாணிப் பொட்டலத்தை அந்த இளைஞருக்கே கொடுத்துவிட்டு வீட்டில் வந்து படுத்துவிட்டாராம். அதன் பிறகு அவர் ஏஜெண்டாக உட்காரவில்லை.

கிணற்றடியில் விழுந்து இடுப்பில் அடிபட்ட பிறகு அவரைத் திருப்பூர் நல்லூருக்கு, எங்கள் வீட்டுக்கு அழைத்துவந்தோம். எங்கள் தெருவைத் தெரிந்தவர்களுக்கு விளக்க வேண்டியதில்லை. இந்தப் பக்கம் நிட்டிங் யூனிட், அந்தப் பக்கம் ஸ்டிச்சிங் யூனிட், மாடியில் வாடகைக் குடித்தனம். காலையில் எல்லா பைக்கும் ஒன்றாகக் கிளம்பும். அதற்குப் பிறகு தெருவில் மெஷின் சத்தம்தான் இருக்கும், ஆள் இருக்காது. நானும் என் வீட்டுக்காரரும் கம்பெனிக்கு, பையன் கல்லூரிக்கு. அப்பா கேட்டருகே நாற்காலி போட்டு உட்கார்ந்திருப்பார். ஊரில் எல்லோரையும் அடையாளம் தெரிந்தவருக்கு இங்கே ஒருவரையும் தெரியவில்லை, அவரையும் ஒருவருக்கும் தெரியவில்லை. சாயங்காலம் நான் வந்ததும், இன்று தெருவில் யார் யார் போனார்கள் என்று சொல்வார். பெயர் தெரியாது. பச்சைச் சட்டைக்காரர், கண்ணாடி போட்ட அம்மா என்பார். பனியனில் குறை பார்க்கும் செக்கிங் வேலை முடித்து வந்த அசதியில் நான் கேட்டும் கேட்காமலும் தலையாட்டியிருக்கிறேன். அந்த நாற்காலியை இன்னும் அங்கிருந்து எடுக்க எனக்கு மனம் வரவில்லை.

மாடியில் பீகாரிலிருந்து வந்த கணவன் மனைவி குடியிருக்கிறார்கள், இருவரும் பனியன் கம்பெனியில் வேலை. அவர்கள் ஒருமுறை ஓட்டுப் போட ரயிலேறிச் சொந்த ஊர் போனது அப்பாவுக்குத் தெரிந்தது. பாஷை தெரியாமலே அந்த மனிதரை நிறுத்தி எந்தத் தொகுதி என்று கேட்டிருக்கிறார். அவர் ஏதோ ஒரு பெயரைச் சொல்ல, அப்பா பதிலுக்குச் செங்காட்டூர் என்று சொல்லியிருக்கிறார். இருவரும் தலையாட்டிக்கொண்டார்களாம். அன்று அப்பா இரண்டு கரண்டி கூடச் சாப்பிட்டார்.

ஓட்டை நல்லூருக்கு மாற்றிக்கொள்ளலாம் என்று வீட்டுக்காரர் பலமுறை சொன்னார். அப்பா சம்மதிக்கவில்லை. ரயிலேறிப் போய் ஓட்டுப் போடுகிறார்கள், என்னால் பஸ்ஸில் போக முடியாதா என்றார். கடைசித் தேர்தலுக்கு நான் லீவு போட்டுவிட்டு அவரோடு போனேன். பள்ளிக்கூடத்தில் ஓட்டுப் போட்டதும் கிளம்பிவிடலாம் என்றுதான் நினைத்தேன். அப்பா பஸ் ஸ்டாப்புக்கு வந்து உட்கார்ந்துகொண்டார். அதற்கு நேர் எதிரே, ரோட்டுக்கு அந்தப் பக்கம், பால் சொசைட்டி. அதற்குள் மாமா ஏஜெண்டாக உட்கார்ந்திருக்கிறார் என்பது அப்பாவுக்குத் தெரியும். ஒரு பஸ் வந்தது, கூட்டம் என்றார். அடுத்தது வந்தது, வெயில் தாழட்டும் என்றார்.

நான் டீ வாங்க ரோட்டைத் தாண்டிப் போனபோது சொசைட்டிக் கதவு திறந்திருந்தது. தூரத்திலிருந்தே மாமா தெரிந்தார். தலை முழுக்க நரைத்திருந்தது. மற்ற ஏஜெண்டுகள் பிளாஸ்டிக் நாற்காலியில் வசதியாக உட்கார்ந்திருந்தார்கள். மாமா மட்டும் ஒரு பெஞ்சின் கதவுப் பக்கத்து நுனியில், மீதிப் பெஞ்சைக் காலியாக விட்டுவிட்டு உட்கார்ந்திருந்தார். திரும்பி வந்து அப்பாவிடம் சொன்னேன்.

"கதவுப் பக்கந்தான?" என்று கேட்டார்.

"ஆமாங்கப்பா. மீதி பெஞ்சு சும்மாதான் கெடக்குது."

நான் போய்ச் சொல்லட்டுமா, நீங்கள் வந்திருக்கிறீர்கள் என்று தெரிந்தால் மாமா வந்துவிடுவார் என்றேன்.

"வேண்டாஞ் சாமி. ஒருக்கா ஆள் உட்டதே போதும்" என்றார்.

ஓட்டுப் பதிவு முடிந்து வெளியே ஆட்கள் கலைந்தபோது மாமா ஒரு நிமிடம் கதவுக்கு வந்து நின்றார். எங்களைப் பார்த்துவிட்டார். அப்பா கைத்தடியை ஊன்றி எழுந்தார். அதற்குள் உள்ளேயிருந்து மாமாவைக் கூப்பிட்டார்கள், சீல் வைக்கும் நேரம். மாமா உள்ளே திரும்பிப் பார்த்தார், எங்களைப் பார்த்தார், உள்ளே போனார். எங்கள் பக்கம் கடைசி பஸ் வந்து நின்றது. கொஞ்ச நேரம் இருக்கலாம், வீட்டுக்காரரைக் காரோடு வரச்சொல்கிறேன் என்று கெஞ்சினேன். "அவரு கையெழுத்துப் போடோணும், கண்ணு. சீல் வெக்கற நேரத்துல ஏஜெண்ட் எந்திரிச்சு வரக்கூடாது. நானா இருந்தாலும் போயிருக்க மாட்டேன்" என்று சொல்லிவிட்டுப் படியேறினார். பஸ் நகர்ந்த பிறகும் அந்தப் பக்கத்து ஜன்னலையே பார்த்துக்கொண்டு வந்தார்.

அதுதான் அப்பா கடைசியாக ஊரைப் பார்த்தது. அடுத்து வந்த மழைக்காலத்தில் நெஞ்சில் சளி கட்டி ஆஸ்பத்திரியில் சேர்த்தோம். ஒரு வாரம் தேறுவது போல இருந்தார். நர்ஸ் பெயர் சொல்லிக் கூப்பிட்டால் கையைத் தூக்கிக் காட்டுவார். ஒரு விடியற்காலையில் தூக்கத்திலேயே போய்விட்டார். யாரையும் சிரமப்படுத்தவில்லை. சிரமப்படுத்தியிருக்கலாம் என்று எனக்கு இப்போது தோன்றுகிறது.

இனி நன்றி சொல்ல வேண்டியவர்களுக்குச் சொல்ல வேண்டும். அப்பாவைச் சொந்தத் தகப்பனாகப் பார்த்துக்கொண்ட மருத்துவருக்கும் செவிலியர்களுக்கும் நன்றி. கேட்காமலே லீவு கொடுத்து, அன்று ஷிப்ட் முடிந்ததும் எல்லோரையும் வேன் வைத்து அனுப்பிவைத்த எங்கள் கம்பெனி முதலாளிக்கு நன்றி. ஊரிலிருந்து பஸ் பிடித்து வந்த தென்புறத்தாருக்கும் வடபுறத்தாருக்கும், கட்சிக் கொடி போர்த்தியவர்களுக்கும், கொடி வேறு என்றாலும் மாலை கொண்டுவந்தவர்களுக்கும் நன்றி. மாடியிலிருந்து இறங்கி வந்து சாயங்காலம் வரை வாசலிலேயே நின்ற பீகார்க் குடும்பத்துக்கு நன்றி. அந்த மனிதர் அப்பாவின் நாற்காலியில் யாரையும் உட்கார விடவில்லை. என் வீட்டுக்காரருக்கும் அப்புச்சிக்குக் கொள்ளி வைத்த என் மகனுக்கும் நன்றி என்று எழுதினால் சிரிப்பார்கள், இருந்தாலும் எழுதுகிறேன்.

இன்னும் ஒருவர் இருக்கிறார்.

சாவுச் செய்தியைப் போனில் சொல்லும் காலம் இது. மாமாவுக்கு மட்டும் அப்படிச் சொல்ல எனக்கு மனம் வரவில்லை. வீட்டுக்காரர் காரில் நேரே போய்ச் சொல்லி, கையோடு அழைத்துவந்தார். மாமா கோடி வேட்டி போர்த்திவிட்டு ஒரு மூலையில் உட்கார்ந்துகொண்டார். மின் மயானத்துக்கும் வந்தார். அங்கே பதிவு செய்யும் இளைஞர் அப்பாவின் பெயரையும், தாத்தாவின் பெயரையும், வயதையும் உரக்கப் படித்தார். அடையாளம் தெரிந்த ஒருவர் முகத்தைப் பார்த்துச் சொல்ல வேண்டும் என்றார். வீட்டுக்காரர் முன்னால் போனார். பின்னாலிருந்து மாமா அவர் தோளைத் தொட்டு விலக்கிவிட்டு வந்து நின்றார். குனிந்து பார்த்தார்.

"இவருதானுங்க. செங்காட்டூர் தொகுதி, எங்க பூத்து" என்றார்.

அந்த இளைஞருக்கு ஒன்றும் புரியவில்லை. சரிங்களா ஐயா, எழுதிக்கட்டுங்களா என்று கேட்டார்.

"ஆட்சேபணை இல்லீங்க" என்றார் மாமா. அதுவரைக்கும் அதிகாரியிடம் பேசுகிற அதே குரல். பிறகு அப்பாவின் முகத்துக்கு நேராகத் திரும்பினார். "மாப்ள, நாந்தானுங்க ரோட்டத் தாண்டி வந்திருக்கோணும்."

யாரும் அவரை அவசரப்படுத்தவில்லை. அவர் தானாக விலகும் வரைக்கும் எல்லோரும் நின்றோம்.

இதைப் படிக்கும் உறவினர்கள் எல்லோரும் மலரை வாசலில் என் மகனிடம் பெற்றுக்கொண்டிருப்பீர்கள். மாமாவின் பிரதியை மட்டும் நான் யாரிடமும் கொடுத்தனுப்பப் போவதில்லை. அச்சகத்திலிருந்து வந்ததும் முதல் பிரதியையும் வெற்றிலை பாக்கையும் எடுத்துக்கொண்டு, எங்கள் ஊர் பஸ் ஸ்டாப்பில் இறங்கி, ரோட்டைத் தாண்டி, நானே வருகிறேன் மாமா. வீட்டில் இருங்கள்.

அப்பாவின் மகள்
நல்லூர், திருப்பூர்